டாக்டர் சொன்னது

என் வீட்டுக்காரிக்கு,

உன்னை எக்ஸ்ரே எடுக்கக் கூட்டிப்போயிருக்கிறார்கள். திரும்பி வருவதற்குள் எழுதிவிடப் பார்க்கிறேன்.

டாக்டர் கணவனைத் தனியே கூப்பிட்டுச் சொல்லும் காட்சியை எத்தனை தடவை எழுதியிருப்பேன்! சினிமாவில் இரண்டு பக்கம் எழுதினேன். சீரியலில் அதையே ஒரு வாரம் இழுத்தேன். ஒரு காமெடித் தொடரில்கூட உண்டு. காலையில் நிஜ டாக்டர் என்னைக் கூப்பிட்டுச் சொன்னார். "சரிங்க டாக்டர்" என்று மட்டும் சொல்லிவிட்டு உன்னிடம் வந்தேன்.

"என்ன சொன்னாரு?" என்று நீ கேட்டாய்.

"நாளைக்குத்தான் தெரியுமாம்."

"உங்களுக்குப் பொய் எழுதத்தான் வரும், சொல்ல வராது" என்று சிரித்தாய்.

உண்மையை எழுதிக் கொடுத்துவிடலாம் என்றுதான் உட்கார்ந்தேன். அதுவும் வரவில்லை. சக்கர நாற்காலிச் சத்தம் கேட்கிறது. மறுபடி கேள், இந்த முறை மறைக்கமாட்டேன். அழுதால் மட்டும் திட்டாதே.

உன் வீட்டுக்காரன்