இடது கைக்கு வேலையில்லை

3-6-96, திங்கள்
வரைகிற வேலைக்கான தேர்வில் மறுபடியும் தோல்வி. பத்து உருவம், ஒவ்வொன்றுக்கும் முப்பது வினாடி, கம்ப்யூட்டரில் வரைய வேண்டும். என் பத்தில் ஆறு வெள்ளைத் திரை. சிவமலர் அக்காதான் எங்கள் கார்ட்டூன் கம்பெனியில் வரைகிறவர்களுக்குத் தலைவி. பார்த்துவிட்டு, “பெர்னடெட், ஆள் எங்க? ஓடிட்டாங்களா?” என்றார். எல்லாரும் சிரித்தார்கள்.
வரும் 14ஆம் தேதி கடைசி வாய்ப்பு. அதிலும் போனால் மாதக் கடைசியோடு வேலை இல்லை. ஒன்றரை வருஷமாக அடுத்தவர் வரைந்த பொம்மைக்குச் சாயம் பூசியதுதான் மிச்சம்.

5-6-96, புதன்
காரணம் தெரிந்துவிட்டது. என் இடது கை! வலது கை பேனாவால் ஒரு கோடு போடும். சரியில்லையே என்று நினைப்பதற்குள் இடது கை, போட்டதை அழிக்கிற கன்ட்ரோலையும் Z-ஐயும் அமுக்கிவிடும். கோடு போச்சு. மறுபடி கோடு, மறுபடி அமுக்கு. ஒரே தோளை எட்டுத் தடவை அழித்திருக்கிறேன். காகிதத்தில் இப்படியா செய்வேன்? சனியன் பிடித்த பட்டன்.

8-6-96, சனி
வீட்டில் பயிற்சி. வீடியோவை நிறுத்தி நிறுத்தி வரைந்தால் திரையில் படம் நடுங்குகிறது. நடுங்காவிட்டால் ஆள் சிலை மாதிரி நிற்கிறான். தம்பி வாலண்டைன், “அக்கா, என் ஃபுட்பால் டேப்பு தேஞ்சிடும் லா!” என்று பிடுங்கிக்கொண்டு போனான்.
சரி, அம்மாவை வரையலாம் என்று கேட்டேன். உள்ளே போனவர் அரை மணி கழித்துக் கோயில் சேலையும் பவுடருமாக வந்து, முழங்காலில் கை வைத்து உட்கார்ந்தார். பாஸ்போர்ட் படம்!
“என்னம்மா இது? சும்மா வேலை செய்ங்கன்னுதானே சொன்னேன்?”
“படம் வரையறேன்னுட்டு நைட்டியோட நிக்கச் சொல்றியா? நாலு பேர் பாத்தா என்ன நினைப்பாங்க?”
கத்திவிட்டேன். கத்தியிருக்கக் கூடாது.

9-6-96, ஞாயிறு
அம்மாவும் நானும் பூசைக்குத் தனித்தனியாகப் போனோம்.

10-6-96, திங்கள்
வாலண்டைனின் கம்ப்யூட்டரிலிருந்து Z பட்டனைக் கத்தியால் நெம்பி எடுத்துவிட்டேன். “மலாய்க் கட்டுரை எப்படி டைப் பண்றது? பைத்தியமா நீ?” என்று குதித்தான். குதிக்கட்டும்.
அம்மா நைட்டியோடு வாசலில் குனிந்து செருப்பைத் தேடிக்கொண்டிருந்தார். ஒரு கை முழங்காலில், மறு கை ரேக்குக்கு அடியில். மௌஸால் ஐந்தே கோடு. புழு நெளிந்த மாதிரி. இடது கை வழக்கம்போல் பட்டனுக்குப் போனது. பட்டன் இருந்த இடத்தில் பள்ளம். அப்படியே விட்டேன்.
பிறகு பார்த்தால் — அம்மாதான். முகமே இல்லை, ஆனாலும் அம்மாதான்.

12-6-96, புதன்
ஆபீஸில் பட்டன் இருக்கிறதே! அதைப் பிடுங்கினால் என்னையே பிடுங்கிவிடுவார்கள். சாப்பாட்டு நேரத்தில் பத்து போட்டுப் பார்த்தேன். மூன்று வெள்ளை. சொந்தக் கையே பேச்சைக் கேட்காவிட்டால் யாரிடம் போய்ச் சொல்வது? பாத்ரூமில் நின்று அழுதேன்.

14-6-96, வெள்ளி
இடது கையைத் தொடைக்கு அடியில் வைத்து, அதன் மேலேயே உட்கார்ந்துவிட்டேன்.
“கையில அடியா?” என்றார் சிவமலர் அக்கா.
“ஆமாக்கா.” பொய்தான்.
மூன்றாவது உருவத்தில் கை மரத்துவிட்டது. நான் எழவில்லை. அசிங்கமான கோடுகள், ஒன்றுகூட அழியவில்லை. பத்துக்குப் பத்து ஆள். அக்கா ஒவ்வொன்றாகப் பார்த்தார். “கோடு மோசம் லா,” என்றார். இந்தத் தடவை யாரும் சிரிக்கவில்லை.

17-6-96, திங்கள்
வரைகிறவர்கள் இருக்கும் மேல்மாடியில் மேசை கொடுத்திருக்கிறார்கள். ஆறு மாதத்துக்கு. பிறகு பார்க்கலாமாம்.

22-11-96, வெள்ளி
நாங்கள் செய்த செருப்பு விளம்பரம் இன்று டிவியில் வந்தது. கார்ட்டூன் பொம்பளை ஒருத்தி, ஒரு கை முழங்காலில், மறு கையால் ரேக்குக்கு அடியில் துழாவுகிறாள். அவளை வரைந்தது நான்.
அம்மா துணி மடிப்பதை நிறுத்திவிட்டுப் பார்த்தார். டிவியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.
“அடிப்பாவி, நைட்டியோடவே போட்டுட்டியா!”