லித்துவேனியாவுக்காகப் பேசாமல் இருந்தோம்

போன கிழமை ஒரு வேலையாக நகரின் மேற்கே பார்க்டேல் பக்கம் போயிருந்தேன். காரை நிறுத்திவிட்டு இறங்கினால், ஒரு பேக்கரிக்குள் இருந்து அந்தக் கறுத்த பாணின் மணம். புளித்த மாவும், சீரகம் போலிருந்தும் சீரகமல்லாத அந்த வித்தும் சேர்ந்து எழுகிற மணம். நின்றுவிட்டேன். நீ செத்து இரண்டு மாதமாகிறது, மச்சான். உன் சாவீட்டில் வராத அழுகை பேக்கரி வாசலில் வந்தது.

அகதிகளாக வந்திறங்கிய புதிதில் அந்த வட்டாரத்தில்தான், ஒரு லித்துவேனியக் கிழவியின் வீட்டு மேல்மாடியில், நாம் இருவரும் வாடகைக்கு இருந்தோம். அவர் பாண் சுடுகிற நாட்களில் இந்த மணம் படியேறி வந்து நமது பருப்புக்கறியோடு சண்டை பிடிக்கும். முதல் நத்தாருக்கு, கிறிஸ்மஸுக்கு, முந்திய மாலை நம்மைக் கீழே சாப்பிடக் கூப்பிட்டார். மேசையில் இறைச்சி இல்லை. மீன், பீற்றூட், கசகசாவை அரைத்து எடுத்த பால், அதில் போட்டுத் தின்னச் சின்னச் சின்ன பிஸ்கட். நான் போய் உட்கார்ந்த இடத்தில் வெறும் சாப்பாட்டுக் கோப்பையும் அதன் பக்கத்தில் ஒரு மெழுகுதிரியும் இருந்தன. கிழவியின் உறவினர் எல்லோரும் என்னையே பார்த்தார்கள். அது செத்துப்போனவர்களுக்கு வைக்கிற கோப்பை.

"உனக்கு இருக்க வேற இடம் கிடைக்கேல்லையோடா?" என்று என் காதுக்குள் சீறினாய்.

கிழவி சிரித்துவிட்டு எனக்கு வேறு கதிரை கொண்டுவந்து போட்டார். பிறகு அந்தக் கோப்பை தன் அண்ணனுக்கு என்றார். சோவியத் படை வந்தபோது அவனை மாடு ஏற்றுகிற ரயில் பெட்டியில் ஏற்றிச் சைபீரியாவுக்குக் கொண்டுபோனார்களாம். இவரும் தாயும் மேற்கே ஓடி, ஜெர்மனியில் அகதி முகாமில் கிடந்து, பிறகு இங்கே வந்தவர்கள். எனக்கு அது பாவப்பட்ட ஒரு கிழவியின் கதை. நீ அன்றோடு வேறு ஆளானாய். அவரிடம் அந்த மொழியைப் படிக்கத் தொடங்கினாய்.

"இங்கிலீசே ஒழுங்கா வராது, உனக்கு லித்துவேனியன் கேக்குதோ?" என்றேன்.

"இங்கிலீஸ் வேலைக்கு மச்சான். உது எனக்கு."

கலியாணம் கட்டி நகரின் மறுகோடியிலுள்ள மல்வேர்னுக்குப் போன பிறகும் நீ விடவில்லை. வேலைக்குப் போகிற பஸ்ஸில் படித்தாய். கிழவி தந்த கதைகளைத் தமிழில் எழுதினாய். உன் தமிழைத் திருத்துவது என் வேலை. "பட்டதாரியார், என்ர மன்னார்த் தமிழை அளவா வெட்டுங்கோ" என்பாய். வார இறுதிகளையெல்லாம் அந்த வேலை தின்றது. நான் முறைப்பட்டதில்லை. ரஷ்யச் சக்கரவர்த்தி லித்துவேனிய மொழியை அதன் சொந்த எழுத்தில் அச்சிடக்கூடாது என்று நாற்பது வருடம் தடை போட்டதையும், எல்லைக்கு அப்பால் அச்சடித்த செபப் புத்தகங்களையும் அரிச்சுவடிகளையும் குடியானவர்கள் வைக்கோல் வண்டியில் மறைத்துக் கடத்தியதையும் நீ வாசித்துக் காட்டியபோது எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. சின்னச் சனம், பெரிய பேரரசு, மொழி தப்பியது, பிறகு நாடும் வந்தது. நம் சனம் வாசிக்க வேண்டியது இதுதான் என்று முடிவுகட்டினேன். முன்னுரையை மனதுக்குள் எழுதியே விட்டேன்.

"முதல்லை கதையை வாசி, பிறகு கொடியை ஏத்து" என்று நக்கலடித்தாய்.

கடைசிக் கதையை நீ கொண்டுவந்தது, வன்னியில் கடைசிப் போரில் சனம் செத்துக்கொண்டிருந்த அந்த வசந்தகாலத்தில். நாம் டவுன்டவுன் வீதிகளில் பதாகையோடு நின்றுவிட்டு உன் வீட்டுக் குசினியில் வந்து இருந்தோம். ஜெர்மன்காரர் லித்துவேனியாவைப் பிடித்திருந்த காலத்துக் கதை அது. ஒரு சின்னப் பட்டினத்து யூதர்களைக் காட்டுக்குக் கொண்டுபோய்ச் சுடுகிறார்கள். சுடுகிறவர்களில் அந்தப் பட்டினத்து ஆண்களும் இருக்கிறார்கள். மறுநாள் காலை அயலிலிருந்த யூத வீட்டு ஆடு பால் கட்டிக் கத்துகிறது. ஒரு பெண் திறந்துகிடக்கிற அந்த வீட்டு வளவுக்குள் போய் அதைக் கறந்து, பாலைக் காய்ச்சித் தன் பிள்ளைக்குக் கொடுக்கிறாள். "ஆரின்ர பாலம்மா?" என்று பிள்ளை கேட்கிறது. கதை அவ்வளவுதான்.

"உதை விடு" என்றேன்.

"ஏன்?"

"அங்கை சனம் செத்துக்கொண்டிருக்கு. இப்பவா உது?"

"நீ எப்ப எண்டாலும் இப்பவா எண்டுதான் கேப்பாய். கிழவி தன்ர கையாலை தந்த கதை. அவவுக்கு இல்லாத வெக்கம் உனக்கேன்?"

நீயே தொடர்ந்து சொன்னாய். "தொண்ணூறிலை இயக்கம் எங்கட பக்கத்து வீட்டு முஸ்லிம் சனத்தை ஊரை விட்டுப் போகச் சொல்லேக்கை, அவையின்ர கோழியள் நிண்டது. என்ர அம்மாதான் தீன் போட்டவ. பிறகு ஒண்டொண்டாக் கறி வைச்சவ. அவவே எனக்குச் சொல்லி அழுதவ."

"கொம்மாவின்ர பாவத்துக்கு நான் புத்தகம் போடேலாது" என்றேன்.

நீ எழுந்து போய்த் தண்ணீர் குடித்தாய். என்னைப் பார்க்காமலே, "அப்ப ஒண்டும் போடாதை" என்றாய். எல்லாக் கதைகளையும் திருப்பி வாங்கிக்கொண்டாய். புத்தகம் வரவில்லை.

நான் மறக்கிறவன் அல்ல. என் உழைப்பையும் சேர்த்துக் குப்பையில் போட்டாய் என்ற கோபம் எனக்கு இன்னும் இருக்கிறது. கலியாண வீடுகளில் என்னைக் கண்டதும் நீ சாப்பாட்டு வரிசையை மாற்றியதும் நினைவிருக்கிறது. அந்த வசந்தத்தில் அந்தக் கதை வந்திருந்தால் நம் இருவரையும் கிழித்துத் தொங்கவிட்டிருப்பார்கள் என்று இன்றைக்கும் சொல்வேன். ஆனால் அதற்குப் பிறகு எத்தனை வசந்தம் வந்துபோனது. ஒரு தடவை நான் போன் எடுத்திருக்கலாம். நீயும் எடுத்திருக்கலாம்.

உன் சாவீட்டில் உன் மகள் என்னை ஓரமாகக் கூட்டிக்கொண்டு போனாள்.

"அங்கிள், நீங்களும் அப்பாவும் லித்துவேனியாவுக்காகவா பேசாம இருந்தனீங்கள்? சீரியஸ்லி?"

"ஓம் பிள்ளை."

"ஓ மை கோட். யூ கைஸ்" என்று அழுதழுது சிரித்தாள்.

பார்க்டேலிலிருந்து திரும்புகிற வழியில், மில்லிக்கனில் நம் ஆட்களின் ஒரு சாப்பாட்டுக் கடையில் ரீ குடிக்க இருந்தேன். பக்கத்து மேசையில் என் வயதுக்காரர் ஒருவர். நான் கடைக்காரப் பெடியனோடு கதைத்ததைக் கேட்டிருக்க வேண்டும்.

"அண்ணை யாழ்ப்பாணமோ?"

"ஓம்."

"எவடம்?"

சொன்னேன். அவர் கதிரையை என் பக்கம் திருப்பினார்.

"அட! உங்கடை சந்தியிலைதானே எங்கட வாப்பா புடவைக்கடை வைச்சிருந்தவர்!"

முகமெல்லாம் சிரிப்பு. ஒரு யாழ்ப்பாணத்தான் இந்த இடத்தில் விடமாட்டான். எந்தப் பள்ளிக்கூடம், எந்த ஒழுங்கை, எப்போது ஊரைவிட்டு வெளிக்கிட்டீர்கள் என்று தோண்டிக்கொண்டே போவான். ஆனால் அவர்கள் எப்போது வெளிக்கிட்டார்கள் என்பது எனக்குத் தெரியும், அதே தொண்ணூறில். அந்தக் கடையையும் தெரியும். பள்ளிக்கூடம் தொடங்க முன்னம் அம்மா என்னைக் கூட்டிக்கொண்டு போய் வெள்ளைச் சட்டைத் துணி எடுப்பது அங்கேதான். அவருடைய வாப்பா கழுத்தில் அளவுநாடாவைப் போட்டபடி என் கன்னத்தில் தட்டுவார்.

நீயாக இருந்தால் ரீயைத் தூக்கிக்கொண்டு அவர் மேசைக்கே போயிருப்பாய். நான், அவசரமான வேலை இருப்பவன் போல, கார்த் திறப்பைத் தேடிப் பொக்கற்றைத் தடவிக்கொண்டு எழுந்து வந்துவிட்டேன். கண்ணாடிக்கு உள்ளே அவர் கதிரை அப்படியே என் வெறும் மேசையைப் பார்த்துத் திரும்பியிருந்தது.

உங்கடை வாப்பாவை எனக்குத் தெரியும். இந்த ஒரு வசனம், மச்சான், இன்னும் என் வாய்க்குள்தான் கிடக்கிறது.