சொட்டுவின் குரலில் கேட்டால்

அன்புள்ள மகனுக்கு,

நானும் உன் அப்பாவும் உயிரோடும் ஓரளவு புத்தியோடும் இருக்கிறோம். நீங்கள் மூவரும் நலமென்று உன் மனைவியின் கடிதத்தில் படித்தேன். உனக்குப் பேனா பிடித்தால் கை வலிக்கும் போலிருக்கிறது. என் கண் அறுவை சிகிச்சைப் புண் ஆறிவிட்டது. வீட்டுத் தூசியெல்லாம் துல்லியமாகத் தெரிகிறது, தெரியாமலே இருந்திருக்கலாம்.

சென்ற வாரம் தொலைக்காட்சி நிலையத்திலிருந்து ஓர் இளம் இயக்குநர் வந்தார். உன் அப்பா கோணவாய் மாமாவாகக் குழந்தைகளைச் சிரிக்கவைத்த அந்த நிகழ்ச்சிக்கு நினைவு விழா எடுக்கிறார்களாம். அப்பா கையில் மாட்டிப் பேசவைத்த சொட்டு பொம்மையைக் கிடங்கிலிருந்து தேடியெடுத்துத் துவைத்துக் கொண்டுவந்திருந்தார். உன்னைக் கேட்காமல் அப்பா எடுத்துப்போய் வெட்டித் தைத்த உன் கோடுபோட்ட சட்டை இன்னும் அதன் உடம்பில் இருக்கிறது. நீ படுக்கையை நனைத்ததும், இருட்டுக்குப் பயந்து என் கையைப் பிடித்துக்கொண்டு தூங்கியதும் அந்தப் பொம்மையின் வாயால்தான் வாராவாரம் ஊருக்குத் தெரிந்தன. வகுப்பே உன்னைச் சொட்டு என்று கூப்பிட்டது. நான் சண்டை போட்டபோதெல்லாம், "நானா அவன் பேரைச் சொன்னேன்? பொம்மைதானேடி பேசுச்சு" என்று உன் அப்பா தப்பித்துக்கொள்வார். இப்போது இயக்குநர், "நிஜச் சொட்டுவே வந்து அப்பா பக்கத்துல உக்காந்தா அரங்கமே அழுதுடும்மா" என்றார். ஏன் தம்பி, அன்னிக்குச் சிரிச்சது போதலையா என்று கேட்டேன். காபியைப் பாதியில் வைத்துவிட்டுக் கிளம்பினார், பொம்மையை விட்டுவிட்டு.

அது வந்த நாளிலிருந்து உன் அப்பாவுக்குக் கை நடுக்கம் இல்லை. பல் செட்டைக் கழற்றினால்தான் அந்தக் கீச்சுக்குரல் சரியாக வருகிறதாம், பாதி நாள் பொக்கைவாயோடு திரிகிறார். கேட்க வெட்கப்படும் எதையும் அவர் தன் சொந்தக் குரலில் கேட்டதே இல்லை. என்னைக் கல்யாணத்துக்குக் கேட்டதே ஒரு காலுறையைக் கையில் மாட்டிக்கொண்டுதான். முதுகலைப் பட்டம் வாங்கிய நான் ஒரு காலுறைக்குச் சம்மதம் சொன்னேன். நேற்றுச் சாப்பாட்டு மேசையில் சொட்டுவை மாட்டிக்கொண்டு, "அம்மா, அம்மா, அண்ணனை வரச் சொல்லும்மா, பண்ணதெல்லாம் தப்புதான்னு சொல்லும்மா" என்று கீச்சிட்டார். அதைக் கழட்டி வெச்சுட்டு உங்க குரல்ல சொல்லுங்க, அப்படியே எழுதறேன் என்றேன். கழற்றினார். வாயைத் திறந்தார். இருமினார். தண்ணீர் கேட்டார். அவ்வளவுதான். ஒளிப்பதிவில் ஒருநாளும் வசனம் மறக்காத மனிதர்.

விழாவுக்கு வா என்று எழுதமாட்டேன், வராதே என்றும் எழுதமாட்டேன்; அது உன் பாடு. மாதக் கடைசி ஞாயிறன்று உன்னைத் தொலைபேசியில் கூப்பிடப்போகிறாராம். பொம்மையை அலமாரியில் வைத்துப் பூட்டிவிட்டேன். குரல் அவர் தொண்டையில் அல்லவா இருக்கிறது.

நீயும் உன் மனைவியும் நீடூழி வாழுங்கள். பேத்திக்கு என் முத்தம். அவள் இன்னும் படுக்கையை நனைக்கிறாள் என்று உன் மனைவி எழுதியதை இந்த வீட்டில் நான் யாரிடமும் சொல்லவில்லை, சொல்லவும் மாட்டேன்.

ஞாயிற்றுக்கிழமையை மறந்துவிடாதே. கீச்சுக்குரல் கேட்டால் உடனே வைத்துவிடு, பாவம் பார்க்காதே. இருமல் கேட்டால் மட்டும் வைக்காதே. கொஞ்சம் பொறுத்துப் பார்.

இப்படிக்கு,
உன் அம்மா