பட்டினி கிடக்கும் கை

சென்னை, புரசைவாக்கம்
18-1-1961

மதிப்பிற்குரிய ஞானஜோதி அவர்களுக்கு,

தோத்திரம். மாணிக்கராஜ் எழுதுகிறேன். நிச்சயதார்த்தத்தன்று உங்கள் வீட்டில் கட்டிக் கொடுத்த காராச்சேவு மதுரை வருமுன்பே தீர்ந்துவிட்டது. "கடிதம் எழுதிக்கிடுங்க தம்பி, தப்பில்ல" என்று உங்கள் அப்பா ஸ்டேஷனில் வைத்துச் சொன்னார்கள். ஆனால் நிச்சயமான பெண்ணுக்கு என்ன எழுதுவது என்று ஒரு தமிழாசிரியனுக்கே தெரியவில்லை. ஆகையால் வேலையைப் பற்றி எழுதுகிறேன். கோபித்துக்கொள்ளாதீர்கள்.

நர்சுகளுக்கான கையேடு ஒன்றைத் தமிழாக்க ஒரு வருஷத்துக்கு என்னைப் பள்ளிக்கூடத்திலிருந்து எடுத்திருக்கிறார்கள். பாதிப் புத்தகம் ஓட்டமாக ஓடியது. இப்போது 'இஸ்கீமியா' என்ற சொல்லிடம் வந்து நின்றுவிட்டேன். உடம்பில் ஏதாவது ஓர் உறுப்புக்கு வேண்டிய ரத்தம் போய்ச் சேராத நிலைக்கு அந்தப் பெயராம். இதயத்துக்குச் சேராவிட்டால் நெஞ்சுவலி. காலுக்குச் சேராவிட்டால் நடக்கும்போது கெண்டைச்சதையில் வலி, நின்றால் சரியாகிவிடும். 'குருதிக்குறை' என்று எழுதிக் கொண்டுபோனேன். சொற்களை முடிவு செய்யும் குழுவில் ஒருவர், "அது சோகை அல்லவா?" என்றார். 'குருதி முடக்கம்' என்றேன். ஆனால் அது முடக்குவாதம் மாதிரி ஒலிக்கிறதாம். நாள்தோறும் நோயாளிகளோடு இருக்கிறீர்கள். நீங்கள் என்ன சொல்வீர்கள்?

இன்னொரு செய்தி. ஈஸ்டர் கழிந்த ஞாயிறு முதல் மூன்று வாரம் இரண்டு ஊர்க் கோயிலிலும் நம் கல்யாண அறிவிப்பு ஓலையைச் சபைக்கு வாசிக்க ஏற்பாடாகிறது. அதற்குள் நீங்கள் ஆஸ்பத்திரியில் ராஜினாமா கொடுத்துவிட்டால் நல்லது என்று அம்மா அபிப்பிராயப்படுகிறார்கள். நீங்கள் வேலை பார்ப்பதில் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. ஆனால் அம்மா இங்கே தனியாக இருக்கிறார்கள்.

தங்கள் அன்பை நாடும்,
மாணிக்கராஜ்


சிவகாசி
24-1-1961

மதிப்பிற்குரிய மாணிக்கராஜ் அவர்களுக்கு,

தோத்திரம். நிச்சயமான பெண்ணுக்கு முதல் கடிதத்திலேயே நெஞ்சுவலியும் கால்வலியும் எழுதிய மாப்பிள்ளை நீங்கள் ஒருவராகத்தான் இருப்பீர்கள். எனக்குப் பிடித்திருந்தது. உடன் வேலை செய்கிற பெண்களுக்கும் வாசித்துக் காட்டினேன். அவர்களுக்கு அவ்வளவாகப் பிடிக்கவில்லை.

சோகை வேறு, இது வேறு. சோகை என்றால் ஊர் முழுக்கப் பஞ்சம். இது அப்படியில்லை. ஊரில் நெல் இருக்கிறது, கடை திறந்திருக்கிறது, ஒரு வீட்டுக்குப் போகிற பாதையை மட்டும் யாரோ அடைத்துவிட்டார்கள். அந்த ஒரு வீடு பட்டினி. நான் 'ரத்தப் பட்டினி' என்றுதான் சொல்கிறேன்.

யாரிடம் சொல்கிறாய் என்று கேட்பீர்கள். இங்கே பட்டாசுத் தொழிலில் வெடிக்கிற கலவைக்கு மருந்து என்று பெயர். மருந்து தீப்பிடித்துக் கை வெந்துபோனால் விஷம் தலைக்கு ஏறிவிடும் என்று நம்புகிறார்கள். பாம்பு கடித்தால் கட்டுவது போல முழங்கைக்குக் கீழே இறுக்கிக் கட்டிவிடுகிறார்கள். கட்டுவதற்குக் கையருகிலேயே திரிநூல் கிடக்கிறது. போன மழைக்காலத்தில் ஏழாயிரம்பண்ணையிலிருந்து இருளம்மாள் என்று ஒரு பெண் வந்தாள். வெந்தது உள்ளங்கை அளவுகூட இல்லை. அவிழ்த்தால் விஷம் ஏறும் என்று கட்டோடு ராத்திரி முழுக்கக் கிடந்துவிட்டு மறுநாள்தான் பஸ் ஏறியிருக்கிறாள். கை கருநீலமாய்ச் சில்லிட்டிருந்தது. மணிக்கட்டோடு எடுக்க வேண்டியதாயிற்று. நெருப்பு விட்டுவைத்த கையை நூல் தின்றுவிட்டது.

"வெந்த இடந்தான் சின்னதாச்சே நர்சம்மா, பெறகு எதுக்குக் கைய எடுத்தீக?" என்று கேட்டாள். "கை பட்டினி கெடந்து செத்துப்போச்சு தாயீ" என்றேன். அவளுக்குப் புரிந்தது. அது முதல் டாக்டரிடம் அனுமதி வாங்கிக்கொண்டு சனிக்கிழமைதோறும் விஸ்வநத்தம் பக்கம் கம்பெனி கம்பெனியாகப் போய் ஒரே சங்கதியைச் சொல்லி வருகிறேன். கட்டாதீர்கள், அவ்வளவுதான்.

ராஜினாமா எழுதமாட்டேன். பெண் பார்க்க வந்தபோதே நான் நர்ஸ் என்று உங்கள் அம்மாவுக்குத் தெரியும். நான் அதை முந்தானையில் மறைத்துக்கொண்டு நிற்கவில்லை. ஒரே கடிதத்தில் எத்தனை 'ஆனால்' போட்டிருக்கிறீர்கள்! தமிழில் வேறு சொல்லே இல்லையா?

இப்படிக்கு,
ஞானஜோதி


சென்னை
6-2-1961

அன்புள்ள ஞானஜோதி அவர்களுக்கு,

தோத்திரம். உங்கள் சொல்லைக் குழுவில் வாசித்தேன். குழுத் தலைவர், "பட்டினி, பசி எல்லாம் பாடப்புத்தகத்தில் வரலாமா?" என்றார். வயதான டாக்டர் ஒருவர் மட்டும், "நான் முப்பது வருஷமாய் மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுத்தது இவ்வளவு சுருக்கமாய் இல்லை" என்றார். ஊரில் நெல் இருக்க ஒரு வீடு பட்டினி என்று நீங்கள் எழுதியதை நான் அன்று முழுவதும் நினைத்துக்கொண்டிருந்தேன். கடைசியில் 'குருதிக்குறை' என்பதே தலைப்புச் சொல்லாக நின்றது. ஆனால் விளக்கத்தில் உங்கள் சொல்லைச் சேர்க்க வேண்டும் என்று விடாமல் வாதாடிக்கொண்டிருக்கிறேன்.

ஒரு சந்தேகம். ரத்தம் பீச்சி அடித்தால் முதலில் அழுத்திப் பிடிக்க வேண்டும், அதற்கும் அடங்காவிட்டால் கட்ட வேண்டும் என்று கையேட்டில் ஒரு பக்கமே இருக்கிறது. உங்கள் ஆட்களுக்கு அதையும் சொல்கிறீர்களா? சிலேட்டுப் பிடித்தே பழகியவன் நான், தெரியாமல் கேட்கிறேன்.

அம்மாவிடம் பேச நல்ல நேரம் பார்த்துக்கொண்டிருக்கிறேன். இங்கேயும் ஆஸ்பத்திரிகள் இருக்கின்றன. பொறுத்தார் பூமி ஆள்வார் என்பார்கள் அல்லவா?

அன்புடன்,
மாணிக்கராஜ்


சிவகாசி
13-2-1961

அன்புள்ள மாணிக்கராஜ் அவர்களுக்கு,

பொறுத்தவர்கள் பூமியை ஆளட்டும். எனக்குப் பூமி வேண்டாம், சனிக்கிழமை போதும்.

உங்கள் சந்தேகம் நல்ல சந்தேகம்தான், புத்தகத்துக்கு. இங்கே ஒன்றுக்கு இரண்டு சொன்னால் எதை மறப்பார்கள் என்று நம்மால் சொல்ல முடியாது. பாட்டன் காலத்துப் பழக்கத்தைப் பிடுங்குகிறேன். அதிலே ஓர் 'ஆனால்' போட்டால் அந்த ஆனாலைப் பிடித்துக்கொண்டு மறுபடியும் நூலை எடுத்துவிடுவார்கள். போன வாரம் வெள்ளைத்துரை என்கிற போர்மேன், வெந்த கையைக் கட்டப் போனவனை, "ஏலே, நூலக் கீழ போடுலே! நர்சம்மா என்ன சொல்லியிருக்காக?" என்று விரட்டி, பச்சைத்தண்ணீரில் கையை முக்கவைத்து நேரே அனுப்பிவைத்தார். அந்தக் கை பிழைத்துக்கொண்டது. நான் சொன்னது வேலை செய்கிறது.

சென்னையில் ஆஸ்பத்திரி எத்தனையோ இருக்கும். மருந்து பட்ட கை அங்கே வராது. இதை அம்மாவிடம் சொல்ல நல்ல நேரம் எதற்கு? காப்பி குடிக்கும்போதே சொல்லலாம்.

அன்புடன்,
ஞானஜோதி


சிவகாசி
20-3-1961

அன்புள்ள மாணிக்கராஜ் அவர்களுக்கு,

நீங்கள் கேட்டது சரி. நான் தவறு செய்துவிட்டேன்.

வெள்ளியன்று வெள்ளைத்துரை கம்பெனியில் ஆண்டிச்சாமி என்பவருக்கு அட்டை வெட்டும் மெஷினில் மணிக்கட்டு அறுபட்டது. ரத்தம் சுவரில் அடித்திருக்கிறது. பக்கத்தில் இருந்த அய்யம்மாள் முந்தானையைக் கிழித்துக் கட்டப் போயிருக்கிறாள். வெள்ளைத்துரை அவளைத் தடுத்துவிட்டார். "கட்டுனா கை செத்துப்போகும், நர்சம்மா சொல்லியிருக்காக." கையைச் சும்மா துணியில் சுற்றி லோடு லாரியில் ஏற்றிக் கொண்டுவந்தார்கள். வந்து சேர்ந்தபோது ஆண்டிச்சாமி முகம் சுண்ணாம்பாய் வெளுத்திருந்தது. நாடி எனக்குக் கிடைக்கவேயில்லை.

டாக்டர் ரத்தக்குழாயைப் பிடித்துவிட்டார். ரத்தம் ஏற்ற வேண்டியிருந்தது. வந்தவர்களில் வெள்ளைத்துரையின் ரத்தம்தான் பொருந்தியது. படுத்துக்கொண்டு கொடுக்கும்போது அந்த மனிதர் என்னைப் பார்த்து, "நீங்க சொன்னபடிதானம்மா செஞ்சேன்?" என்று கேட்டார். கோபமாகக் கேட்டிருந்தால் தாங்கியிருப்பேன். ஆண்டிச்சாமி பிழைத்துவிட்டார். நேற்றுக் கஞ்சி குடித்தார்.

உங்கள் சந்தேகத்தைப் புத்தகத்துக்கு என்று தள்ளிவிட்டேன். இப்போது கேட்கிறேன். எனக்கு ஒரு வாக்கியம் வேண்டும். நான் எழுதினால் கோபத்தில் ஒரு பக்கம் சாய்ந்துவிடும். எப்போது கட்டலாம், எப்போது கூடாது என்று, பட்டாசுக்குக் காகிதக் குழாய் சுற்றிக்கொண்டே சொல்லக்கூடியதாக நீங்கள் எழுதித் தாருங்கள்.

ஞானஜோதி


சென்னை
25-3-1961

அன்புள்ள ஞானஜோதி அவர்களுக்கு,

ஒன்று சொல்கிறேன், கேளுங்கள். உங்கள் சொல் சரியான சொல். பாதியில் நின்றுவிட்டது, அவ்வளவுதான். அதே சொல்லால் ஒரு கை பிழைத்தது என்பதையும் மறந்துவிடாதீர்கள்.

வயதான டாக்டர் வீட்டில் போய் உட்கார்ந்து இரண்டு சாயங்காலம் எழுதினேன். குருதி என்ற சொல்லைத் தூக்கி மூலையில் வைத்துவிட்டேன். வாக்கியம் இது:

"வெந்த கையைக் கட்டாதே. ரத்தம் பீச்சினால் அழுத்து. அழுத்தியும் நிற்காவிட்டால் கட்டு. கட்டிய கை பட்டினி, உடனே ஆஸ்பத்திரிக்கு ஓடு."

வழியில் கட்டை அவிழ்த்துப் பார்க்க வேண்டாம், எப்போது கட்டினோம் என்பதை மட்டும் உங்களிடம் சொல்லச் சொல்லுங்கள் என்றார் டாக்டர். கையேட்டிலும் குருதிக்குறைக்கு நேரே, 'ரத்தம் சேராமல் உறுப்பு பட்டினி கிடத்தல்' என்று அச்சாகப் போகிறது. தலைவர் கையெழுத்துப் போட்டுவிட்டார்.

ஓலை ஒன்பதாம் தேதி வாசிக்கிறார்கள். அம்மாவிடம் பேசலாம் என்றுதான் இருந்தேன். ஆனால் அவர்களுக்கு இரண்டு நாளாகத் தலைவலி.

அன்புடன்,
மாணிக்கராஜ்


சிவகாசி
9-4-1961, ஞாயிறு

அன்புள்ள மாணிக்கராஜ் அவர்களுக்கு,

உங்கள் வாக்கியம் நான்கு கம்பெனிச் சுவரில் ஏறிவிட்டது. அய்யம்மாளும் மற்றப் பெண்களும் குழாய் சுற்றிக்கொண்டே, "பீச்சுனா அமுக்கு, நிக்கலேன்னா கட்டு" என்று ராகம் போட்டுப் பாடுகிறார்கள். இதற்காக உங்களை எத்தனை தடவை வாழ்த்தினாலும் தகும். இனி இன்று காலையில் நடந்ததைச் சொல்கிறேன். சிரிக்கக் கூடாது.

முதல் ஓலை வாசித்தார்கள். நம் இருவர் பெயரையும் சொல்லி, "இந்த விவாகத்துக்குத் தடை உண்டென்று அறிந்தவர்கள் இப்போதே சொல்லலாம்" என்றார் போதகர். கடைசி வரிசையில் ஒருவர் எழுந்து நின்றார். வெள்ளைத்துரை! பக்கத்தில் கைக்கட்டோடு ஆண்டிச்சாமி, அய்யம்மாள், இடது கையால் முந்தானையைப் பிடித்துக்கொண்டு இருளம்மாள். கோயிலுக்குள் அதுவரை வந்தறியாதவர்கள். ஓலை வாசிக்கும்போது தடை சொல்லலாம் என்று எங்கள் ஆஸ்பத்திரி வாட்ச்மேன் யோபு அவர்களுக்குச் சொல்லியிருக்கிறார். சொல்லிவிட்டுத் தான் மட்டும் முன்வரிசையில் கண்ணை மூடி ஜெபத்தில் இருந்தார்.

"சாமி, எங்களுக்குத் தடை இருக்கு" என்றார் வெள்ளைத்துரை. கோயில் முழுக்கத் திரும்பிப் பார்த்தது. அப்பா முகம் செத்துவிட்டது. போதகர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி, "என்ன தடை?" என்றார்.

"மாப்பிள்ள மெட்ராசாம்லா. கல்யாணம் ஆனா இந்தம்மாவ அங்கன கூட்டிட்டுப் போயிருவாகளா? அத மட்டும் கேட்டுச் சொல்லுங்க. மாப்பிள்ளயப் பத்தி எங்களுக்கு ஒரு கொறையும் இல்ல. அம்புட்டு நல்லா எழுதியிருக்காரு."

அது சட்டப்படி தடையாகாது என்று போதகர் விளக்கினார். வெள்ளைத்துரை உட்காரவில்லை. எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நான் எழுந்து, "போகமாட்டேன்" என்றேன். அப்புறம்தான் உட்கார்ந்தார்கள்.

பெண் பேசக் கூடாத இடத்தில் பேசிவிட்டேன் என்று அப்பா மத்தியானம் சாப்பிடவில்லை. எனக்கு வெட்கமும் இல்லை, வருத்தமும் இல்லை. உங்களை எனக்குப் பிடித்திருக்கிறது. நான் தள்ளிவிட்ட சந்தேகத்தை நீங்கள்தான் கேட்டீர்கள், கேட்டது சரியென்று தெரிந்த பிறகும் ஒரு வார்த்தை குத்திக்காட்டவில்லை. இப்படி ஒருவர் எனக்கு இனிக் கிடைக்கமாட்டார். இருந்தாலும் இங்கிருந்து வரமாட்டேன். இரண்டாம் ஓலை பதினாறாம் தேதி. தடை சொல்ல உங்களுக்கும் உரிமை இருக்கிறது. சொல்வதானால் அதற்குள் சொல்லிவிடுங்கள்.

ஞானஜோதி


சென்னை
12-4-1961

அன்புள்ள ஜோதி,

தடை இல்லை.

இங்கேயும் ஞாயிற்றுக்கிழமை ஓலை வாசித்தார்கள். தடை உண்டா என்று கேட்டபோது ஒருவரும் எழுந்திருக்கவில்லை, அம்மா மட்டும் திரும்பி என் முகத்தைப் பார்த்தார்கள். நேற்று உன் கடிதம் வந்தது. அதை அம்மாவுக்கு முழுவதும் வாசித்துக் காட்டினேன், காப்பி குடிக்கும்போதே. ஜோதி வேலையை விடமாட்டாள், விடச் சொல்ல நமக்கு உரிமையில்லை, கையேடு முடிந்ததும் நான் சிவகாசிப் பக்கம் பள்ளிக்கூடம் பார்த்துக்கொண்டு வருகிறேன், நீங்களும் வரவேண்டும் என்று ஒரே மூச்சில் சொன்னேன். முப்பத்தொரு வயதில் அம்மாவுக்கு எதிரே இவ்வளவு நீளமாய்ப் பேசியது இதுவே முதல்.

"கோயில்ல எந்திரிச்சுப் பேசுனாளா?" என்று மட்டும் கேட்டுவிட்டு அம்மா உள்ளே போய்விட்டார்கள். சாத்தூர்ப் பக்கத்துக் கிராமத்திலிருந்து வாக்கப்பட்டு வந்தவர்கள், சின்ன வயதில் மைல் கணக்காக நடந்து குடத்தில் தண்ணீர் சுமந்தவர்கள். இன்று காலையில் என் தட்டில் இட்லியை வைத்துக்கொண்டே, "அங்கன இப்பவும் கெணத்துல போய்த்தான் எறைக்கணுமா, கொழாய் வந்துட்டா?" என்று கேட்டார்கள்.

எனக்குத் தெரியவில்லை என்றேன். அவளிடமே கேட்டு எழுது என்றார்கள்.

வெள்ளைத்துரை அவர்களுக்கு என் வணக்கத்தைச் சொல். இரண்டாம் ஓலைக்கும் அவரை வரச்சொல், முன்வரிசையில் உட்காரச் சொல். என் முதல் கடிதத்தில் உனக்குப் பிடிக்காத அந்த ஒரு சொல் இந்தக் கடிதத்தில் எங்கேயும் இல்லை. மேலிருந்து கீழ்வரை தேடிப் பார்த்துவிட்டு, அம்மாவுக்குக் குழாய் விவரம் எழுது.

உன்,
மாணிக்கராஜ்