கயிறு யார் கையில்

4 மார்ச் 2024, திங்கள்

கேமராமேன் காலை ரயிலில் ஊருக்குப் போய்விட்டார். காதில் ரத்தம். இனிமேல் தண்ணீருக்குள் இறங்கக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். சங்கு குளிக்கிற இனிகோ கடலடியில் மண்ணைத் தடவிச் சங்கு எடுக்கிற அந்த ஒரு காட்சிதான் படத்தில் பாக்கி. தயாரிப்பாளர் சங்கரபாண்டியன் அண்ணாச்சிக்குப் போன் போட்டேன். "வெள்ளிக்குள்ள முடியலைன்னா வேற டைரக்டரை வச்சு முடிச்சிக்கிடுதேன்மா" என்றார். கோபமே இல்லாமல் சொன்னார். அதுதான் பயமாக இருக்கிறது.

விளம்பரம், சீரியல், பிள்ளைகள் படம், பேய்ப் படம் எல்லாம் எடுத்தாயிற்று. "உங்களுக்கு எல்லாம் வரும் மேடம்" என்று சொல்லிச் சொல்லியே எட்டு வருஷம் அடுத்த சினிமா தராமல் வைத்திருந்தார்கள். இதுவும் கைவிட்டுப் போனால் யார் கூப்பிடுவார்கள்?

நானே இறங்கி எடுக்கிறேன் என்று சொல்லிவிட்டேன். நாளை முதல் இனிகோவிடம் பயிற்சி.

5 மார்ச்

மூச்சுக்குழாயைக் கடித்துக் கடித்துத் தாடை வலி. நாலு பாகம் ஆழமாம். நாலு ஆள் உயரம்.

6 மார்ச்

புது வம்பு. தண்ணீருக்குள் போகிறவர் இடுப்புக் கயிற்றைச் சொந்தக்காரர்தான் படகில் பிடிக்க வேண்டுமாம். இனிகோ பிடிவாதமாக இருக்கிறான். கேமராமேனுக்கு அவர் தம்பியே பிடித்ததால் இதுவரை இந்தப் பேச்சு எழவில்லை. அவனுக்கு மனைவியின் தம்பி தனராஜ் பிடிக்கிறான். எனக்கும் அவனே பிடிக்கட்டுமே என்றேன்.

"அவன் ஏன் கைய விடமாட்டான் தெரியுமா மேடம்? நான் போயிட்டா அறுக்கப்போறது அவன் அக்கா தாலிய. உங்களுக்கு உங்க ஆள் ஒண்ணு வரட்டும்."

எனக்கு யார் இருக்கிறார்கள்? உடன்பிறந்தவர்கள் இல்லை. என் வீட்டுக்காரர் போய் மூன்று வருஷம். என் உதவியாளர் அனுசியா, என்னிடம் கேட்காமலே, அவருடைய தங்கை முத்துச்செல்விக்குப் போன் போட்டிருக்கிறாள். வருகிறாளாம்.

வேறு யாராவது கிடைக்கவில்லையா? அவர் வீட்டில் விழுந்து கிடந்தபோது நான் ஹைதராபாத்தில் சீரியல் எடுத்துக்கொண்டிருந்தேன். பூட்டை உடைத்துப் பார்த்தவள் இவள்தான். அன்றைக்கு அறுந்த பேச்சு. தனராஜுக்கு அக்கா தாலி இருக்கிறது. இவளுக்கு என்ன இருக்கிறது? அண்ணனே போய்விட்டான். கை தளர்ந்தால் — சீ, என்ன நினைப்பு இது. ஆனால் நினைப்பு போகவில்லை.

7 மார்ச்

காற்று. படகு போகவில்லை. பயத்துக்கு ஒரு நாள் கூடிவிட்டது.

8 மார்ச், வெள்ளி

முத்துச்செல்வி தன் மிளகாய் வத்தல் மண்டியைப் பூட்டிவிட்டு வந்தாள். என் முகத்தைப் பார்க்கவில்லை. படகே ஏறாதவள், இரண்டு தடவை வாந்தி எடுத்தாள். கயிற்றை மட்டும் யாரிடமும் கொடுக்கவில்லை.

நான் கயிற்றை ரெண்டு தடவை சுண்டினால் தூக்க வேண்டும். அவ்வளவுதான் பாடம். கீழே போனேன். இனிகோவின் விரல்கள் மண்ணில் ஊர ஆரம்பித்த நேரம், இடுப்பில் ஒரே இழுப்பு. மேலே வந்துவிட்டேன்! மறுபடி இறங்கினேன். மறுபடியும் அப்படியே.

"ஏளா, நான் சுண்டவே இல்லையே! என் பிழைப்பைக் கெடுக்கணும்னே வந்தியா?" கத்திவிட்டேன்.

அவள் உள்ளங்கை இரண்டும் உரிந்திருந்தது.

"கயிறு ஆடவே இல்ல மயினி. எங்கண்ணனும் அப்படித்தான் அசையாமக் கிடந்தான். கூப்பிடுதேன் கூப்பிடுதேன், அசையல. அதான் இழுத்துட்டேன்."

எனக்கு அழுகை வந்துவிட்டது. அவளும் இத்தனை நேரம் பயந்துகொண்டுதான் நின்றாளா?

மூன்றாம் தடவை, இடது கையால் கயிற்றை லேசாக ஆட்டிக்கொண்டே எடுத்தேன். அவள் இழுக்கவில்லை.

11 மார்ச்

அண்ணாச்சி பார்த்துவிட்டார். "ஏம்மா, கேமரா ஆடுது?" என்றார். கடலடியில் ஆடும் அண்ணாச்சி என்றேன். "சரி, இருக்கட்டும். படத்தை நீயே முடி."

14 மார்ச்

லாட்ஜ் அறையிலேயே எடிட்டிங். மதியம் போனைச் சத்தமில்லாமல் வைத்துவிட்டேன். எடுத்துப் பார்த்தால் முத்துச்செல்வி ஏழு தடவை கூப்பிட்டிருக்கிறாள். திருப்பிக் கூப்பிடுவதற்குள் கதவைத் தட்டுகிறாள், மூச்சு வாங்க, மூன்று மாடி ஏறி. "ஏன் மயினி போன எடுக்கல?"