உங்கய்யா பூசுன பள்ளிக்கூடச் சுவரு

கார்த்திகை, 1981

பம்பாயில இருக்கிற என் மகன் சண்முகராஜுக்கு, அம்மா ஆறுமுகத்தாய் சொல்லச் சொல்ல நேசம்மாள் டீச்சர் எழுதுதாவ. இங்கன நாங்க சொகம், ஆடு ரெண்டும் சொகம், உங்கய்யா வாயும் ஒரு கொறையில்லாம சொகமா இருக்கு. நீ அங்கன நேரத்துக்குச் சாப்பிடுதியா, இல்ல டீயக் குடிச்சே காலத்த ஓட்டுதியா, உள்ளதச் சொல்லு.

நம்ம பள்ளிக்கூடத்துச் சேதி ஒன்னு சொல்லணும். அது மொதல்ல பள்ளிக்கூடமே இல்ல, பருத்தி மூட்டை அடுக்கி வைக்கிற கிட்டங்கி. கட்டின வியாபாரி நொடிச்சுப் போகவும், ஊர்க்காரங்க கூடி ஒரு வாத்தியாரக் கூட்டிட்டு வந்து உள்ள உக்கார வச்சாவ. அதான் சன்னல் அத்தன ஒசரத்துல இருக்கு, பருத்திக்குக் காத்துப் போதும், வேடிக்கை பாக்க வேண்டாம்லா. நீ படிக்கையிலயும் பருத்தி எடுப்பு வந்தா பாதிக் கட்டடத்துல அம்பாரம் கெடக்கும், நீ அதுமேல ஏறித் தூங்கிட்டுத் தலையெல்லாம் பஞ்சோட வருவ, படிச்சே நரைச்சுட்டான்னு உங்கய்யா சிரிப்பாவ. எங்கயோ போயிட்டேன் பாரு.

விசயம் என்னன்னா, சுவரு வெடிச்சிருக்குன்னு அதை இடிக்கணும்னு பேச்சு வந்துச்சு. இன்ஜினியர் வந்து பாத்து ஆகாதுன்னு சொல்லிட்டா இடிச்சிருவாவ, பிள்ளைக ஓடை தாண்டி நாகலாபுரத்துக்குத்தான் போகணும். பயலுவ போயிருவானுவ, பொட்டப்பிள்ளைகள யாரு அனுப்புவா? தீப்பெட்டி ஆபீஸ் வேன் விடியுமுன்ன வந்து ஆரன் அடிக்கு, தீப்பெட்டி ஒட்டுத வேலைக்கு அதுல ஏத்தி விட்டுருவாவ. நம்ம பெருமாயி மக பத்திரகாளி நாலாங்கிளாஸ், வாய்ப்பாட்டப் பாட்டாவே பாடுதா, அவ பேரை வேன்காரன் இப்பமே கேட்டுட்டுப் போயிருக்கான்.

உங்கய்யா சும்மா இருப்பாவளா. சித்திரை வெயிலுக்குக் கரிசல் மண்ணு வெடிக்கையில சுவரும் சேந்து வெடிக்கும், ஐப்பசி மழைக்கு மண்ணு ஊறி உப்புனதும் தன்னால மூடிக்கிடும், வருசா வருசம் நடக்கதுதான். இன்ஜினியர் கண்ணுல படக்கூடாதுன்னு இவிய கோடையிலயே அத்தன வெடிப்புலயும் சிமிட்டியக் குத்தித் திணிச்சு வெள்ளையும் அடிச்சுட்டாவ. ஊரே மெச்சுச்சு, நானுந்தான் மெச்சுனேன். மழை பெஞ்சு மண்ணு உப்புச்சு, வெடிப்பு மூட எடமில்ல, சுவரு ஒரு பக்கமா நெளிஞ்சு கதவு நெலைய நெருக்கிருச்சு. அது தெரியாம, இன்ஜினியர் வந்த அன்னைக்கு உங்கய்யா, சாரல் அடிக்கு சார், நம்ம கதவு எம்புட்டுக் கச்சிதம் பாருங்கன்னு ஓங்கிச் சாத்துனாவ. அம்புட்டுத்தான், தொறக்கல. உள்ள அவரும் இவியளும் மட்டும். சன்னல்ல ஏறலாம்னா கம்பி. வெளிய பிள்ளைக எல்லாம் கூடி, சார் பயப்படாதீங்க, தாத்தா கதை சொல்லுவாவன்னு கத்துதுக, நான் முந்தானைய வாயில வச்சுக்கிட்டு நிக்கேன். கடைசில உங்கய்யா வெக்கத்த விட்டு, ஏலே மாடக்கண்ணு, கடப்பாறைய எடுத்துட்டு வந்து நான் பூசுனதப் பூராப் பேத்துப் போடுலேன்னு சத்தம் போட்டாவ. எதுத்த வீட்டு மாடக்கண்ணுக்கு உங்கய்யாவோட போட்ட வரப்புச் சண்டை இன்னும் மறக்கல போல, அத்தன சந்தோசமாக் குத்துனான். சிமிட்டி உதிர உதிரச் சுவரு எளகிக் குடுத்துச்சு, கதவு தொறந்துருச்சு. இதை எழுதுத டீச்சரே பேனாவக் கீழ வச்சுட்டுச் சிரிக்காவ.

இன்ஜினியர் வெளிய வந்து தலையில விழுந்த சிமிட்டிய உதறுனாரு. சுவரைத் தட்டிப் பாத்தாரு, அஸ்திவாரத்தத் தோண்டிப் பாத்தாரு. கல்லு கெட்டியாத்தான் இருக்கு, நாலு மூலைக்கும் முட்டுச்சுவர் கட்டுங்க, பங்குனிக்குள்ள முடிக்கலைன்னா இடிக்க எழுதிருவேன்னு சொன்னாரு. ஜீப்புல ஏறிட்டு, அந்தப் பெரியவரு மட்டும் சுவரைத் தொடக்கூடாதுன்னாரு. உங்கய்யாவும் தொடல, தூரமா நின்னு எல்லாரையும் ஏவிக்கிட்டுத் திரியுதாவ.

வீட்டுக்கு ஒரு ஆளு வேலைக்கு வரணும்னு ஊர்க்கூட்டத்துல முடிவாச்சு. நமக்குக் கெழக்கு மூலை. உங்கய்யாவ விட மாட்டாவ, என் இடுப்பு கல்லு தூக்காது, யாரு வருவான்னு கேட்டாவ, என் மவன் பம்பாயில இருந்து வருவான்னு சபையில சொல்லிட்டேன். திரும்பி வரும்போது பத்திரகாளி என் கையப் பிடிச்சுக்கிட்டு, ஆச்சி, அந்த அண்ணன் வரலைன்னா நான் வேனுல ஏறணுமான்னு கேட்டா. அவனுக்குக் கல்லு தூக்கத் தெரியாது, ஆனா வந்துருவான்னு சொல்லியிருக்கேன்.

மாசிக்கே லீவு கேட்டு வையி. கழுகுமலை முருகன் உன்னைய நோய்நொடி இல்லாம வச்சிருக்கட்டும். பதிலை எனக்கு எழுத வேண்டாம், பத்திரகாளி பேருக்கு எழுது, அவளே வாசிப்பா.

உன் அம்மா
ஆறுமுகத்தாய்