பூதம் சிரிக்கக் கூடாதாம்

தோணிரேவு
ஆவணி 12, 1937

சிரஞ்சீவி தனசேகருக்கு நைனா எழுதுவது. ரங்கூனில் உன் உடம்புக்கு ஒரு குறையும் வராமல் எல்லையம்மன் காக்கட்டும். நானும் உன் அம்மாவும் ஏதோ இருக்கிறோம்.

உன் அண்ணன் ஆதிகேசவன் ஏரியில் போய்விட்டான் என்று மட்டும் தந்தி கொடுத்தேன், எப்படி என்று நீ மூன்று கடிதத்தில் கேட்டும் எழுதக் கை வரவில்லை, இனி மறைத்துப் பயனில்லை. மாசியில் பட்டணத்திலிருந்து டாக்கிப் படம் எடுக்கிற ஒரு கம்பெனி வந்தது, பாரசீகத்து ராஜகுமாரன் கதையாம், பரி என்கிற தேவகன்னியைச் சிறைவைத்த பூதத்துக்குப் பழவேற்காட்டு ஒல்லாந்துக்காரன் கல்லறைதான் அரண்மனை, வாசல் தூணில் எலும்புக்கூடு செதுக்கியிருக்கிறதே, அது அவர்களுக்குப் பிடித்துப்போயிற்று. ஏரிக்குள்ளிருந்து பூதம் எழ வேண்டும், மூச்சடக்கத் தெரிந்த ஆள் வேண்டும் என்றார்கள், அண்ணன் ஆசையாகப் போனான். உடம்பெல்லாம் கரி பூசி நிஜ இரும்புச் சங்கிலியைச் சுற்றினார்கள். படகு தள்ளியது நான்தான். முதல் தடவை நன்றாகவே எழுந்தான், என்னைக் கண்டதும் சிரித்துவிட்டான். பூதம் சிரிக்கக் கூடாது, மறுபடி முழுகு என்றார் டைரக்டர். கால்ல இன்னாவோ தட்டுது நைனா என்றான். இன்னொரு தபாதானேடா, முழுகிட்டு வா என்று நான்தான் சொன்னேன். அடியில் நட்டிருந்த பழைய வலைக்கழியில் சங்கிலி மாட்டிக்கொண்டது, நானும் படகில் கூட இருந்த கோதண்டமும் குதித்து விடுவிப்பதற்குள் முடிந்துவிட்டது.

இப்போது அந்தப் படம் பொன்னேரி டென்டுக் கொட்டகைக்கு வந்திருக்கிறது. உன் அண்ணி லோகநாயகி கேட்டாளென்று கூட்டிப்போனேன். திரையில் அவன் சிரித்துக்கொண்டே எழுகிறான், முதலில் எடுத்ததையே போட்டிருக்கிறார்கள், குரல் மட்டும் வேறு யாருடையதோ. லோகநாயகி அழவில்லை, நாளைக்கும் போலாமா மாமா என்றாள், நான்கு நாளாகப் போய்வருகிறோம். நான் அன்று சொன்ன வார்த்தையை உன் அம்மாவிடம் சொல்லிவிட்டேன், அதிலிருந்து அவள் என்னோடு பேசுவதில்லை, சோறு மட்டும் வைக்கிறாள். நீ துறைமுகத்தில் வேலை செய்கிறவன், மனம் ஒப்பாத தண்ணீரில் யார் சொன்னாலும் இறங்காதே, நானே சொன்னாலும் இறங்காதே.

அம்மாவுக்குத் தனியாக ஒரு கடிதம் போடு. தீர்க்காயுசோடு இரு. படம் ரங்கூனுக்கும் வருமாம், பார்க்கப் போனால் தனியாகப் போகாதே. அண்ணன் எழும்போது ஜனங்கள் கை தட்டுவார்கள், கோபப்படாதே, அவர்களுக்குத் தெரியாது.

உன் நைனா
வீரராகவன்